“வீட்டில் வழுக்கி விழுந்தார்”: வேலையில் காயம்பட்டவருக்குச் சேரவேண்டிய இழப்பீடு

திருமங்கலம் பக்கத்தில் ஓர் எண்ணெய் மில்லில் என் மாமா வேலை பார்த்தார். ஒரு நாள் மாலை, ஓடிக்கொண்டிருந்த எக்ஸ்பெல்லரில், அதாவது எண்ணெய் பிழியும் இயந்திரத்தில், அவருடைய வலது கை மாட்டிக்கொண்டது. கட்டைவிரல் தப்பியது, மற்ற நான்கும் போயின. உடன் வேலை பார்த்தவர் ஈரத்துண்டைச் சுற்றி, மொபெட்டின் பின்னால் உட்கார வைத்து மதுரைக்குக் கொண்டுவந்தார். செய்தி கேட்டு அத்தை மருத்துவமனைக்கு ஓடியபோது, மில்லின் கணக்குப்பிள்ளை வாசலிலேயே நின்றிருந்தார். “அக்கா, மில்லில் அடிபட்டது என்று சொன்னால் போலீஸ் கேஸ் ஆகிவிடும், வைத்தியம் தாமதமாகும். வீட்டில் வழுக்கி விழுந்ததாகச் சொல்லுங்கள். செலவு முழுவதையும் முதலாளி பார்த்துக்கொள்வார்” என்றார். அத்தை அப்படியே சொன்னார். பணியிலிருந்த மருத்துவரும் விபத்துப் பதிவேட்டில் அப்படியே எழுதினார்.

அந்த ஒரு வரியை அழிக்க எங்களுக்கு நான்கு ஆண்டுகள் ஆயின. அந்த நான்கு ஆண்டுகளில் லேபர் ஆபீஸ் வராந்தாவில் நான் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே எழுதுகிறேன். கப்பலூர் தொழிற்பேட்டையிலோ, மேலூர் கல் குவாரியிலோ, கீழமாசி வீதியில் மூட்டை தூக்கும்போதோ, செல்லூர்த் தறியிலோ அடிபட்ட ஒருவர் உங்கள் வீட்டில் இருந்தால் இதை ஒரு முறை முழுதாகப் படியுங்கள்.

யார் தவறு என்ற கேள்வியே இல்லை

அடிபட்டவுடன் எல்லோரும் பேசத் தொடங்குவது தவறைப் பற்றித்தான். “கவனமாக இருந்திருந்தால் கை போயிருக்குமா?” என்று முதலாளி கேட்பார். அடிபட்டவரும் கூனிக்குறுகி, “ஆமாம், என் போதாத காலம்” என்பார். பாதிப்பேர் அந்த இடத்திலேயே தங்கள் உரிமையைக் கைவிட்டுவிடுகிறார்கள். சட்டம் அந்தக் கேள்வியைக் கேட்பதேயில்லை என்பது அவர்களுக்குத் தெரியாது.

தொழிலாளர் நஷ்டஈட்டுச் சட்டம் 1923இல் இயற்றப்பட்டு, 1924 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் காயம்பட்டவர் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போய், முதலாளியின் அலட்சியத்தால்தான் விபத்து நடந்தது என்று மெய்ப்பித்தாக வேண்டும். கூலி வேலை செய்பவரால் அது ஆகிற காரியமா? சட்டம் அந்தச் சுமையை இறக்கி வைத்தது. தொழில் நடத்தி லாபம் பார்ப்பவர், அந்தத் தொழிலில் நேரும் காயத்துக்கான செலவையும் ஏற்க வேண்டும் என்பதே அதன் அடிப்படை. முதலாளி நல்லவராக இருக்கலாம், இயந்திரம் புதியதாக இருக்கலாம், தொழிலாளி ஒரு நொடி கண்ணயர்ந்திருக்கலாம். எதுவாக இருந்தாலும் இழப்பீடு உண்டு.

விதிவிலக்குகள் சில உண்டு. குடிபோதையோ போதைப்பொருளோ நேரடிக் காரணமாக இருந்தால், பாதுகாப்புக்காகத் தெளிவாகச் சொல்லப்பட்ட உத்தரவை வேண்டுமென்றே மீறியிருந்தால், இயந்திரத்தின் பாதுகாப்புத் தடுப்பை வேண்டுமென்றே கழற்றியிருந்தால், முதலாளி பொறுப்பிலிருந்து தப்பலாம். இவற்றைக் காட்டித்தான் பல முதலாளிகள் மிரட்டுகிறார்கள். ஆனால் தொழிலாளி இறந்துவிட்டாலோ, முழுமையாகவும் நிரந்தரமாகவும் முடங்கிவிட்டாலோ இந்த விதிவிலக்குகள் செல்லாது. அப்போது குடித்திருந்தார் என்ற வாதமும் எடுபடாது. கணவரை இழந்த ஒரு பெண்ணிடம் வந்து, “அவர் குடித்திருந்தார், உங்களுக்கு ஒன்றும் கிடைக்காது” என்று யாராவது சொன்னால், அது சட்டமில்லை என்று தயங்காமல் சொல்லுங்கள்.

இந்தச் சட்டம் 2010 முதல் பணியாளர் இழப்பீட்டுச் சட்டம் என்ற பெயரில் வழங்கியது. 2025 நவம்பர் 21 முதல், 2020ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் அதன் இடத்துக்கு வந்திருக்கிறது. அடிப்படைக் கொள்கையும் கணக்கிடும் முறையும் பெரிதும் அப்படியே தொடர்கின்றன. இந்த வழக்குகளை விசாரிப்பவராகப் பழைய சட்டத்தில் ‘ஆணையர்’ என்று இருந்தவர் புதியதில் ‘தகுதியுடைய அதிகாரி’ ஆகியிருக்கிறார். முந்தைய விபத்துகளின் வழக்குகள் பழைய சட்டத்தை வைத்தே பேசப்படுகின்றன என்பதால் நானும் பெரும்பாலும் அதன் சொற்களையே பயன்படுத்துகிறேன்.

அப்படியானால் சண்டை எதைப் பற்றி?

தவறு யாருடையது என்பது கேள்வி இல்லையென்றால் வழக்கு ஏன் நான்கு ஆண்டுகள் இழுக்கிறது? எதிர்த்தரப்பு வேறு மூன்று கதவுகளைச் சாத்துகிறது. அவர் என் ஆளே இல்லை என்பது முதல் கதவு. அடிபட்டது வேலையில் இல்லை என்பது இரண்டாவது. அவ்வளவு தொகை வராது என்பது மூன்றாவது.

முதல் கதவு மதுரையில் அதிகமாகச் சாத்தப்படுவது. மாட்டுத்தாவணி காய்கறிச் சந்தையில் விடிகாலையில் மூட்டை இறக்குபவர் ஒரே நாளில் நான்கு கடைகளுக்கு இறக்குகிறார். அவர் யாருடைய தொழிலாளி? கட்டட வேலையில் மேஸ்திரி அழைத்து வந்த சித்தாளுக்குக் காண்டிராக்டரின் முகமே தெரியாது. வருகைப் பதிவேடு இல்லை, சம்பளச் சீட்டு இல்லை, கூலி கையில் ரொக்கமாக வருகிறது. விபத்துக்கு மறுநாள், “அப்படி ஒருவரை நான் பார்த்ததே இல்லை” என்று சொல்லிவிடுவது எளிது.

இங்கே இரண்டு விஷயங்கள் தொழிலாளிக்குத் துணை நிற்கின்றன. பழைய சட்டம் தற்காலிகமாக எப்போதாவது வேலைக்கு வருபவர்களை ஒதுக்கி வைத்திருந்தது. 2000ஆம் ஆண்டின் திருத்தம் அந்தச் சொற்களை நீக்கியது. ஆகவே ஒரே ஒரு நாள் வேலைக்குப் போய் அன்றைக்கே அடிபட்டாலும் உரிமை உண்டு. அடுத்தது, காண்டிராக்டர் மூலம் வேலை நடந்தால், தன் தொழிலுக்காக அந்த வேலையைக் கொடுத்தவரிடமே தொழிலாளி இழப்பீடு கேட்கலாம். கொடுத்த தொகையைக் காண்டிராக்டரிடமிருந்து மீட்டுக்கொள்வது அவர் பாடு. காண்டிராக்டர் ஊரைவிட்டே போய்விட்டால்கூட வழக்கு நிற்கும்.

ஆனால் ‘தன் தொழிலுக்காக’ என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். ஆனையூரில் ஒருவர் குடியிருப்பதற்காகத் தன் சொந்த வீட்டைக் காண்டிராக்டரிடம் விட்டுக் கட்டுகிறார், சாரத்திலிருந்து கொத்தனார் விழுகிறார் என்றால், வீடு கட்டுவது அந்த உரிமையாளரின் தொழில் இல்லை. பொறுப்பு காண்டிராக்டர்மேல் போகும். வீடுகளைக் கட்டி விற்பவராக இருந்தால் கதை வேறு. கட்டுமானத் தொழிலாளர் நல வாரியத்தில் பதிவு செய்தவர்களுக்கு வாரியத்தின் உதவித்தொகை தனியாக உண்டு. வாரியப் பணம் வந்ததைக் காட்டி முதலாளி தன் கடனைக் கழித்துக்கொள்ள முடியாது.

வேலையின்போது, வேலையின் காரணமாக

இரண்டாவது கதவு இதைவிடச் சிக்கலானது. விபத்து வேலையின்போது நடந்திருக்க வேண்டும், வேலையின் காரணமாகவும் நடந்திருக்க வேண்டும். இரண்டும் சேர்ந்தால்தான் இழப்பீடு. எக்ஸ்பெல்லரில் கை போனால் அதில் ஐயம் இல்லை. ஆனால் ஓட்டுநர் ஒருவர் லாரியை ஓரம்கட்டி நிறுத்திவிட்டு மாரடைப்பில் இறந்தால்?

உச்ச நீதிமன்றம் இரண்டு விதமாகவும் தீர்ப்பளித்திருக்கிறது. 2006இல் ஒரு லாரி கிளீனரின் மாரடைப்பு வழக்கில், வேலையின் அழுத்தத்தால் நேர்ந்தது என்பதற்குச் சான்று இல்லை என்று குடும்பத்தின் கோரிக்கையை ஏற்கவில்லை. 2012இல், டில்லியிலிருந்து ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் லாரி ஓட்டிச் சென்ற ஓட்டுநர் வழியில் மயங்கி இறந்த வழக்கில், அந்த நெடும்பயணத்தின் களைப்பும் அழுத்தமுமே காரணம் என்று இழப்பீட்டை உறுதிசெய்தது. இரண்டு வழக்குகளையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஒன்று புரியும். முந்தைய நாட்களில் எத்தனை மணி நேரம் ஓட்டினார், ஓய்வு கிடைத்ததா, எவ்வளவு சுமை என்பதையெல்லாம் குடும்பம் எடுத்துக்காட்ட வேண்டும். டிரிப் ஷீட், டோல் ரசீது, செல்போன் அழைப்புப் பட்டியல் எல்லாமே அப்போது உயிர் பெறுகின்றன. மதுரையிலிருந்து வடக்கே வெங்காயத்துக்கும் மிளகாய்க்கும் ஓடும் லாரிகளில் எத்தனை பேர் இரவு பகலாக ஓட்டுகிறார்கள் என்பது நமக்குத் தெரியாததா?

வேலைக்குப் போகும் வழியில் நடக்கும் விபத்து நெடுநாளாகச் சர்ச்சையாக இருந்தது. மகாராஷ்டிரத்தில் ஒரு சர்க்கரை ஆலையின் காவலாளி 2003 ஏப்ரலில், விடிகாலை மூன்று மணி வேலைக்காக வண்டியில் போனார். ஆலைக்கு ஐந்து கிலோமீட்டர் இருக்கும்போது விபத்தில் இறந்தார். உயர் நீதிமன்றம் இழப்பீடு கிடையாது என்றது. 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. வேலைக்குப் போவதும் வேலை முடிந்து திரும்புவதும், நேரம், இடம், சூழ்நிலை ஆகியவற்றால் வேலையோடு தொடர்புடையவை என்று நிறுவப்பட்டால் அந்த விபத்தும் வேலை விபத்துதான் என்றது. அந்தக் குடும்பம் இருபத்திரண்டு ஆண்டுகள் காத்திருந்தது. புதிய தொகுப்புச் சட்டம் இந்த விதியை வெளிப்படையாகவே எழுதி வைத்திருக்கிறது. வாடிப்பட்டியிலிருந்து இரவுப் பணிக்கு வரும் மில் தொழிலாளிக்கு இது பெரிய ஆறுதல். ஆனால் வழியில் சொந்த வேலையாக வேறு ஊருக்குத் திரும்பியிருந்தால் தொடர்பு அறுந்துவிடும்.

காயம் என்பது ஒரே நொடியில் நடப்பது மட்டும் இல்லை. தொழில்நோய்களின் பட்டியல் ஒன்று சட்டத்திலேயே இருக்கிறது. கல் தூசியால் நுரையீரல் கெட்டுப்போகும் சிலிக்கோசிஸ் அதில் உண்டு. பஞ்சுத் தூசியால் வரும் பிசினோசிஸும் உண்டு. மேலூர்ப் பக்கத்துக் கல் உடைப்பவர்களுக்கும் பஞ்சாலைகளில் காலம் கழித்தவர்களுக்கும் இருமலை டிபி என்று மட்டுமே பார்த்து மருந்து தரும் வழக்கம் இருக்கிறது. என்ன வேலை செய்தீர்கள், எத்தனை ஆண்டுகள் என்று மருத்துவர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லுங்கள், சீட்டில் எழுதச் சொல்லுங்கள்.

மருத்துவமனையில் எழுதப்படும் முதல் வரி

மாமாவின் கதைக்கு வருகிறேன். மில் தரப்பு வழக்கறிஞர் விசாரணையில் முதலில் எடுத்து வைத்த ஆவணம் அந்த விபத்துப் பதிவேட்டின் நகல்தான். ‘வீட்டில் வழுக்கி விழுந்ததாகக் கூறப்பட்டது.’ அத்தையைக் கூண்டில் ஏற்றி, “நீங்கள்தானே சொன்னீர்கள்?” என்று கேட்டார்கள். அத்தை அழுதார். கணக்குப்பிள்ளை சொல்லச் சொன்னார் என்றார். அதற்குச் சான்று என்ன என்றார்கள்.

எங்களைக் காப்பாற்றியது அதே மருத்துவமனையின் இன்னொரு தாள். அறுவை சிகிச்சைக் குறிப்பில், விரல்கள் நசுங்கிச் சிதைந்திருந்ததாகவும் காயத்தில் எண்ணெய்ப் பிசுக்கு இருந்ததாகவும் எழுதியிருந்தது. குளியலறையில் வழுக்கி விழுந்தால் நான்கு விரல்கள் நசுங்காது. மொபெட்டில் ஏற்றி வந்த நண்பரும் சாட்சி சொன்னார். அதற்குள் அவர் வேறு மில்லுக்குப் போயிருந்தார். பழைய இடத்திலேயே இருந்திருந்தால் சொல்லியிருப்பாரா என்று அவரே ஒரு நாள் என்னிடம் சொல்லி வருந்தினார்.

ஆகவே முதல் வாரத்தில் செய்ய வேண்டியவற்றைச் சற்று விரிவாகச் சொல்கிறேன். மருத்துவமனையில் எங்கே, எந்த இயந்திரத்தில், எத்தனை மணிக்கு அடிபட்டது என்பதை உள்ளபடி சொல்லுங்கள். போலீசுக்குத் தகவல் போனாலும் அதனால் சிகிச்சை நிற்காது, உங்கள் மேல் வழக்கும் வராது. விபத்துப் பதிவேட்டு நகல், டிஸ்சார்ஜ் சீட்டு, எக்ஸ்ரே, மருந்துக் கடை ரசீது எதையும் தூக்கி எறியாதீர்கள். 2009ஆம் ஆண்டின் திருத்தத்துக்குப் பிறகு, வேலைக் காயத்துக்கான மருத்துவச் செலவை முதலாளி திருப்பித் தர வேண்டும். அது இழப்பீட்டிலிருந்து தனி. முதலாளிக்கு விபத்தைப் பற்றி எழுத்தில் ஓர் அறிவிப்பைப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அந்த ஒப்புகைச் சீட்டு பிற்பாடு பொன்னுக்குச் சமம். கூலி வாங்கிய குறிப்பு நோட்டு, சூப்பர்வைசர் அனுப்பிய வாட்ஸப் குரல்பதிவு, வேலைக்குப் போன பஸ் பாஸ், மில்லின் ஆயுதபூஜை அன்று எல்லோரும் சேர்ந்து எடுத்துக்கொண்ட புகைப்படம் எல்லாமே ‘அவர் என் ஆள் இல்லை’ என்ற வாதத்தை உடைக்கப் பயன்படும். எங்கள் வழக்கில் ஆயுதபூஜைப் படம்தான் முதல் கதவைத் திறந்தது.

வெற்றுத்தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். ‘பெரியவர்களை வைத்துப் பேசி முடித்துக்கொள்ளலாம்’ என்ற அழைப்பு பெரும்பாலும் ஒரு மாதத்துக்குள் வந்துவிடும். ஐம்பதாயிரத்தைக் கையில் கொடுத்து, இனி எந்த உரிமையும் கோரமாட்டேன் என்று எழுதி வாங்குவார்கள். உரிமையை விட்டுக்கொடுப்பதாக எழுதித் தரும் ஒப்பந்தம் சட்டப்படி செல்லாது. இழப்பீட்டுத் தொகையில் உடன்பாடு வந்தால் அதை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும், தொகை குறைவு என்று தெரிந்தால் அவர் பதிவை மறுக்கலாம். தொழிலாளி இறந்திருந்தால் விதி இன்னும் கண்டிப்பானது. இழப்பீட்டை முதலாளி அதிகாரியிடம்தான் கட்ட வேண்டும். குடும்பத்திடம் நேரே கொடுத்தது இழப்பீடாகக் கருதப்படாது. மூன்று மாதச் சம்பளம் அளவுக்கு முன்பணம் தரலாம், அதை மட்டும் பிறகு கழிக்கலாம். கணவனை இழந்த பெண்ணிடமிருந்து பணத்தை மைத்துனர்களோ கடன்காரர்களோ பிடுங்கிவிடக் கூடாது என்பதற்காக ஒரு நூற்றாண்டுக்கு முன்பே இதை எழுதி வைத்திருக்கிறார்கள். இழப்பீட்டுத் தொகையைக் கடனுக்காக ஜப்தி செய்யவும் முடியாது.

எவ்வளவு வரும்?

மூன்றாவது கதவு பணக் கணக்கு. இதற்கு மூன்று எண்கள் போதும்: மாதச் சம்பளம், வயதுக்குரிய பெருக்கெண், இழப்பின் சதவீதம்.

மரணமானால் மாதச் சம்பளத்தின் 50 சதவீதத்தையும், முழு நிரந்தர முடக்கமானால் 60 சதவீதத்தையும் வயதுக்குரிய எண்ணால் பெருக்க வேண்டும். அந்த எண்கள் சட்டத்தின் அட்டவணையில் இருக்கின்றன. 30 வயதுக்கு 207.98, 40 வயதுக்கு 184.17, 50 வயதுக்கு 153.09. வயது ஏற ஏற எண் குறையும், ஏனென்றால் இனி சம்பாதிக்கக்கூடிய ஆண்டுகள் குறைவு.

மாமாவுக்கு நேர்ந்தது 2020ஆம் ஆண்டுக்குப் பின் நேர்ந்திருந்தால் என்று கணக்குப் போட்டுப் பார்ப்போம். வயது 40, மாதம் 18,000 ரூபாய் சம்பளம். 2020 ஜனவரியில் மத்திய அரசு வைத்த உச்சவரம்புப்படி கணக்குக்கு 15,000 ரூபாய் மட்டுமே எடுத்துக்கொள்ளப்படும். அதில் 60 சதவீதம் 9,000. அதை 184.17ஆல் பெருக்கினால் 16,57,530 ரூபாய். இது முழு முடக்கத்துக்கான தொகை. ஒரு கையில் நான்கு விரல்களை இழந்தால் அட்டவணைப்படி 50 சதவீதம். ஆகவே 8,28,765 ரூபாய். அவர் இறந்திருந்தால் 7,500ஐ 184.17ஆல் பெருக்கி, குடும்பத்துக்கு 13,81,275 ரூபாய்.

இந்த உச்சவரம்பு எனக்கு நியாயமாகப் படவில்லை. தேர்ந்த கொத்தனார் ஒரு மாதத்தில் சம்பாதிப்பது அதைவிட அதிகம். அவர் விழுந்தால் மட்டும் அவருடைய உழைப்பின் மதிப்பு 15,000 ரூபாயில் நின்றுவிடுகிறது.

வயதிலும் ஒரு பொறி இருக்கிறது. மாமாவிடம் பிறப்புச் சான்று இல்லை. ரேஷன் கார்டில் ஐந்து வயது கூடுதலாக எழுதியிருந்தார்கள். 45 வயதுக்கான எண் 169.44. மேலே சொன்ன கணக்கில் அந்த ஐந்து வயதுக்காக மட்டும் 66,285 ரூபாய் குறையும். திண்ணைப் பள்ளியாக இருந்தாலும் பரவாயில்லை, படித்த பள்ளியின் சான்றைத் தேடி எடுங்கள். சம்பளத்துக்குச் சீட்டு இல்லாவிட்டாலும் வழி அடைத்துவிடவில்லை. அதே ஊரில் அதே வேலைக்குப் பிறர் வாங்கும் கூலியைக் காட்டலாம். அரசு அறிவித்த குறைந்தபட்சக் கூலியையும் காட்டலாம்.

சதவீதம்தான் வழக்கறிஞர்கள் அதிகம் வாதாடும் இடம். அட்டவணையில் கட்டைவிரலுக்கு 30, ஆள்காட்டி விரல் முழுதும் போனால் 14, மறு கண் நன்றாயிருக்க ஒரு கண் போனால் 40 என்று இருக்கிறது. அட்டவணையில் இல்லாத காயங்களுக்கு, உதாரணமாக முதுகெலும்பில் அடி, மருத்துவர் மதிப்பிட வேண்டும். இங்கே உடலின் ஊனமும் சம்பாதிக்கும் திறனின் இழப்பும் ஒன்றில்லை என்பதைப் புரிந்துகொள்ள வேண்டும். சுண்டுவிரல் விறைத்துப்போனால் காவலாளியின் வேலை கெடாது, நாதஸ்வரக் கலைஞரின் பிழைப்பு போய்விடும். ஊனச் சான்றில் எழுதிய சதவீதத்தை அப்படியே ஏற்றுக்கொள்ளாமல், ‘இவர் செய்த வேலையை இனி இவரால் செய்ய முடியுமா?’ என்று மருத்துவரைக் கேட்டு, அதைச் சாட்சியத்தில் பதிய வைக்க வேண்டும்.

இதற்கு வழிகாட்டும் தீர்ப்பு 1975 டிசம்பரில் வந்தது. ஒடிசாவின் ஜெய்ப்பூரில் ஒரு சினிமா கொட்டகையில் அலங்கார வேலை செய்த தச்சர் கீழே விழுந்து, இடது கையை இழந்தார். பகுதி முடக்கம்தானே என்று முதலாளி வாதிட்டார். ஒரு கையால் தச்சு வேலை செய்ய முடியாது, ஆகவே இழப்பு நூறு சதவீதம் என்பதை உச்ச நீதிமன்றத்தின் நான்கு நீதிபதிகள் கொண்ட அமர்வு ஏற்றது. எங்கள் வழக்கறிஞர் அந்தத் தீர்ப்பைக் காட்டினார். ஆனால் மருத்துவரைச் சாட்சியாக அழைக்கவில்லை. மாமாவுக்கு அட்டவணையின் 50 சதவீதமே கிடைத்தது. அந்த ஒரு குறை இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை.

அதே தச்சரின் தீர்ப்பு இன்னொன்றையும் நிலைநாட்டியது. இழப்பீடு கொடுக்கவேண்டிய கடமை அதிகாரி தீர்ப்புச் சொல்லும் நாளில் பிறப்பதில்லை, விபத்து நடந்த நாளிலேயே பிறந்துவிடுகிறது. ஒரு மாதத்துக்குள் கொடுக்காவிட்டால் ஆண்டுக்கு 12 சதவீத வட்டி ஏறும். தக்க காரணம் இல்லாமல் இழுத்தடித்தால் தொகையில் 50 சதவீதம் வரை அபராதமும் விதிக்கலாம். மேலே சொன்ன 8,28,765 ரூபாய்க்கு ஓர் ஆண்டு வட்டி மட்டும் ஏறத்தாழ 99,450 ரூபாய். வழக்கை இழுத்தால் தொழிலாளி களைத்துப்போய் விட்டுவிடுவார் என்று நினைக்கும் முதலாளிக்கு இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுங்கள்.

இ.எஸ்.ஐ. இருந்தால் வழி வேறு

பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடங்கள் இ.எஸ்.ஐ. என்னும் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுத் திட்டத்துக்குள் வரும், மாதம் 21,000 ரூபாய் வரை சம்பளம் வாங்குபவர்கள் அதன் உறுப்பினர்கள். அவர்கள் வேலைக் காயத்துக்கு ஆணையரிடம் போக முடியாது, இ.எஸ்.ஐ. கழகத்திடமே கேட்க வேண்டும். அங்கே மொத்தமாகத் தொகை தருவதைவிட, வாழ்நாள் முழுதும் மாதாமாதம் வருவதே முக்கியம். தற்காலிக முடக்கத்துக்குச் சம்பளத்தில் 90 சதவீதம். நிரந்தர முடக்கமானால் மருத்துவக் குழு சொல்லும் சதவீதப்படி. இறந்தால் சார்ந்தோருக்கு உதவித்தொகை. சந்தா இத்தனை நாள் கட்டியிருக்க வேண்டும் என்ற நிபந்தனை வேலைக் காயத்துக்குக் கிடையாது. வேலையில் சேர்ந்த முதல் நாளே அடிபட்டாலும் உரிமை உண்டு.

இங்கேயும் அந்தப் பொய்யான முதல் வரி கெடுதல் செய்யும். வீட்டில் விழுந்ததாக எழுதிவிட்டால் அது வேலைக் காயம் ஆகாமல் சாதாரண நோய்க் கணக்கில் போய்விடும். நோய்க்கான உதவி 70 சதவீதம்தான், ஆண்டுக்கு 91 நாட்களோடு நின்றுவிடும், அதற்குச் சந்தா நிபந்தனையும் உண்டு.

எங்கே போவது?

மதுரையில் பலர் நேரே லேபர் கோர்ட்டுக்குப் போய்விட்டு அலைந்து திரும்புகிறார்கள். வேலைநீக்கம் போன்ற தகராறுகள் அங்கே. காயத்துக்கான இழப்பீட்டைத் தொழிலாளர் துறையின் துணை ஆணையர் நிலை அதிகாரி, பழைய சட்டத்தின்கீழ் ஆணையராக இருந்து விசாரிப்பார். விபத்து நடந்த இடம் கோவையாகவோ திருப்பூராகவோ இருந்தாலும், நீங்கள் வழக்கமாகக் குடியிருக்கும் ஊரின் அதிகாரியிடம் மனு கொடுக்கலாம். உசிலம்பட்டியிலிருந்து திருப்பூருக்குப் பிழைக்கப் போனவர் ஒவ்வொரு வாய்தாவுக்கும் அங்கே ஓட வேண்டியதில்லை.

பழைய சட்டப்படி மனுவை இரண்டு ஆண்டுகளுக்குள் கொடுக்க வேண்டும். தக்க காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்க அதிகாரிக்கு அதிகாரம் உண்டு, ஆனால் அதை நம்பிக் காத்திருக்காதீர்கள். வழக்கறிஞர்தான் வர வேண்டும் என்பதில்லை, பதிவு பெற்ற தொழிற்சங்கத்தின் நிர்வாகியும் உங்களுக்காக வாதாடலாம். வசதி இல்லாதவர்கள் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவச வழக்கறிஞர் கேட்கலாம். பெண்களும் ஆலைத் தொழிலாளர்களும் மாற்றுத்திறனாளிகளும் பட்டியல் சாதி, பழங்குடியினரும் வருமானம் எவ்வளவாக இருந்தாலும் அந்த உதவிக்கு உரியவர்கள்.

தீர்ப்பில் சொன்ன தொகையை முதலாளி கட்டாவிட்டால், நிலவரி பாக்கியைப் போல வருவாய்த் துறை மூலம் வசூலிக்கலாம். அவர் மேல்முறையீடு செய்ய விரும்பினால் ஒத்தக்கடை அருகே உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கு அறுபது நாட்களுக்குள் போக வேண்டும். அதுவும் முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால்தான். தொகை முழுவதையும் முதலில் கட்டிவிட்டதற்கான சான்று இல்லாமல் அந்த மேல்முறையீட்டை எடுத்துக்கொள்ளவே மாட்டார்கள்.

மில் தரப்பும் மேல்முறையீடு செய்வோம் என்று மிரட்டியது. பணத்தைக் கட்டவேண்டும் என்று தெரிந்ததும் பேச்சு நின்றுபோனது. இரண்டு மாதம் கழித்து அதிகாரியின் அலுவலகத்திலிருந்து அத்தைக்கும் மாமாவுக்கும் கடிதம் வந்தது. காசோலையை வாங்கிக்கொண்டு பதிவேட்டில் மாமா இடது கையால் கையெழுத்துப் போட்டார். அதற்காக வீட்டில் ஒரு வாரம் எழுதிப் பழகியிருந்தார்.